டிவிடியை முதல்ல காப்பி எடுங்க, எம்பி4 அப்புறம் பாத்துக்கலாம்

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம்.

திருமங்கலத்துல இருந்து எழுதுறேன். முன்னாடி பல வருஷம் கல்யாணம், காதுகுத்து, சடங்குன்னு வீடியோ மிக்ஸிங் பண்ணிட்டு இருந்தவன், இப்ப ஜெராக்ஸ் கடை வச்சிருக்கேன். நான் வேலையை விட்டாலும் சனம் விடலை, சுத்துப்பட்டுல யார் வீட்டு டிவிடி ஓடலைன்னாலும் மஞ்சப்பைல போட்டு என் கடைக்குத் தூக்கிட்டு வந்துடுறாங்க. எல்லாரும் கேக்குறது ஒரே கேள்வி தான், "அண்ணே, இதை எம்பி4-ஆ மாத்தி பென்டிரைவ்ல ஏத்தித் தருவீங்களா, வீட்ல பிளேயர் போயிருச்சு, புது லேப்டாப்புல சிடி போட இடமே இல்ல". நியாயமான கேள்வி தான், ஆனா அதுக்கு முன்னாடி கேக்க வேண்டியது ஒண்ணு இருக்கு, அதை கொண்டு வர்றவங்களும் கேக்குறதில்ல, காசு வாங்குற கடைக்காரங்களும் சொல்றதில்ல, அதுக்காகத்தான் இந்த லெட்டர். கொஞ்சம் நீளமாத்தான் இருக்கும், பாத்துப் போடுங்க.

அந்த டிவிடி இன்னும் படிக்குதா, படிச்சா அதுல இருக்குறதை அப்படியே முழுசா ஒரு காப்பி எடுத்து வச்சாச்சா, இதுதான் அந்தக் கேள்வி. மாத்துறது எல்லாம் அப்புறம். அடுத்த வருஷம் மாத்தலாம், பத்து வருஷம் கழிச்சுக் கூட மாத்தலாம், ஃபார்மட் எங்கயும் ஓடிப் போகாது. 1996-ல டிவிடி வந்த காலத்துல இருந்து வீட்டு டிவிடிக்குள்ள இருக்குறது பெரும்பாலும் எம்பெக்-2-ங்குற வீடியோ ஃபார்மட் தான், இன்னிக்கும் விஎல்சி பிளேயர்ல போட்டா மறுபேச்சு இல்லாம ஓடுது. பிரச்சனை அந்த டிவிடித் தட்டுல தான் இருக்கு.

சினிமா டிவிடி ஃபேக்டரில அச்சுல அழுத்தி எடுக்குறது, பள்ளம் மேடு பிளாஸ்டிக்லயே பதிஞ்சிருக்கும். கல்யாண வீட்டுக்கு ரைட் பண்ணிக் குடுக்குறது டிவிடி-ஆர், அதுக்குள்ள ஒரு சாயம் பூசியிருப்பாங்க, லேசர் அந்தச் சாயத்தைச் சுட்டுச் சுட்டுத்தான் எழுதும். சாயத்துக்கு எது ஆகாது? வெயில் ஆகாது, சூடு ஆகாது, ஈரம் ஆகாது. நம்ம ஊர்ல சித்திரை வைகாசில வெளிய 40 டிகிரியைத் தொடும், ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் போட்ட ரூமுக்குள்ள பரண் மேல என்ன சூடு இருக்கும்னு நீங்களே யோசிச்சுக்கோங்க. அந்தப் பரண்ல தான் பித்தளை அண்டாவுக்குப் பக்கத்துல ஆல்பமும் டிவிடியும் கெடக்கும். இதுல இன்னொண்ணு, அப்ப எல்லாம் மொத்தமா அம்பது தட்டு ஒரே டப்பாவுல வர்ற விலை கொறஞ்ச சரக்கு தான் ஊர்ல ஓடுச்சு, மேல மாப்பிள்ளை பொண்ணு போட்டோவை ஸ்டிக்கரா அடிச்சு ஒட்டிக் குடுப்பாங்க. பாக்க அழகா இருக்கும், ஆனா பல வருஷம் கழிச்சு ஸ்டிக்கர் ஒரு பக்கமா எழும்பி தட்டு சுத்தும்போது ஆட ஆரம்பிச்சிரும், டிரைவ் கடகடன்னு சத்தம் போடும். அந்த ஸ்டிக்கரைப் பிச்சு எடுக்காதீங்க, பிச்சா தட்டும் சேந்து வர்ற ஆபத்து இருக்கு, ஆடினாலும் பரவால்லன்னு ஸ்பீடு கொறச்சுப் படிக்க வைங்க.

டிவிடில டேட்டா உள்வட்டத்துல ஆரம்பிச்சு வெளிவட்டத்துக்குப் போகும். நாம கை வைக்குறதும் விளிம்புல தான், சாயம் முதல்ல கெடுறதும் பல தட்டுல விளிம்புல தான். அதனால கல்யாண டிவிடி செத்துக்கிட்டு வந்தா முதல்ல முகூர்த்தம் போகாது. பொண்ணழைப்பு, தாலி கட்டு, தாய்மாமன் சீர்வரிசைல தாம்பாளம் தாம்பாளமா வர்றது, இது எல்லாம் ஜம்முனு ஓடும், பந்திக்கு அப்புறம், மறுவீடு, கடைசில சொந்தக்காரங்க வரிசையா நின்னு போட்டோ எடுக்குற இடம் வரும்போது கட்டம் கட்டமா உடைஞ்சு நின்னு போயிரும். நம்ம வீட்டுப் பெரியவங்க பாதிப் பேரு கேமராவுக்கு முகம் காட்டுறது அந்தக் கடைசி அரை மணி நேரத்துல தான், மேடைக்குக் கூப்பிட்டாலே வர மாட்டாங்க. அதனால "எங்க டிவிடி நல்லா ஓடுதுண்ணே, அஞ்சு நிமிஷம் போட்டுப் பாத்தேன்"ன்னு சொல்றவங்களுக்கு நான் சொல்றது, கடைசிக்கு ஓட்டிப் பாருங்க அப்புறம் பேசலாம்.

காப்பி எடுக்குறதுன்னா என்ன? கம்ப்யூட்டர்ல டிவிடியைத் திறந்தா வீடியோ டிஎஸ்னு ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள விஓபின்னு முடியுற ஃபைலுங்க, ஒவ்வொண்ணும் அதிகபட்சம் 1 ஜிபி, அதுக்கு மேல போனா அடுத்த துண்டா வெட்டி வச்சிருக்கும். நம்ம பயலுக என்ன பண்றாங்கன்னா அந்த விஓபியை மட்டும் பென்டிரைவ்ல இழுத்துப் போட்டு பேரை எம்பி4-ன்னு மாத்திடுறாங்க, மாத்திட்டு கன்வர்ட் ஆயிருச்சுங்குறாங்க. பேரை மாத்தினா உள்ள இருக்குறது மாறாது, சில டிவி ஓட்டும் சில டிவி கறுப்பா நிக்கும், துண்டு துண்டா இருக்குறதால தாலி கட்டுற இடத்துல ஒரு ஃபைல் முடிஞ்சு இன்னொண்ணு தேட வேண்டியிருக்கும். அப்படி வேணாம், முழு டிவிடியையும் ஒரே ஐஎஸ்ஓ ஃபைலா எடுங்க, இம்ஜ்பர்ன் (ImgBurn) மாதிரி இலவச சாஃப்ட்வேரே போதும். ஒரு தட்டு 4.7 ஜிபி, ரெட்டை லேயர்னா 8.5. இன்னிக்கு இருக்குற ஹார்ட் டிஸ்க்ல 1 டிபிக்குள்ள சாதா தட்டு இருநூறை வைக்கலாம், எந்தக் குடும்பத்துலயும் அம்புட்டு ஃபங்ஷன் இருக்காது. அந்த ஐஎஸ்ஓ இருந்தா மெனு, டைட்டில், சாப்டர் எல்லாம் அப்படியே இருக்கும், விண்டோஸ்ல டபுள் கிளிக் பண்ணினாலே தட்டு போட்ட கணக்கா திறக்கும்.

எரர் வந்தா அங்கயே விட்டுறாதீங்க. ஒரு டிரைவ் படிக்காததை இன்னொரு டிரைவ் படிக்கும், இது பல தடவை கண்ணால பாத்தது, புதுசா வாங்கின ஸ்லிம் யுஎஸ்பி டிரைவ் திணறுற தட்டை பழைய டெஸ்க்டாப்ல இருக்குற தடிமன் டிரைவ் சாதாரணமா படிச்சிரும். லினக்ஸ் தெரிஞ்ச புள்ளைக வீட்ல இருந்தா டிடிரெஸ்க்யூன்னு ஒண்ணு இருக்கு, அது படிச்ச இடத்தை எல்லாம் குறிச்சு வச்சுக்கிட்டு, படிக்காத இடத்தை மட்டும் திரும்பத் திரும்ப முயற்சி பண்ணும், அதே குறிப்பு ஃபைலை வச்சு வேற டிரைவ்ல போட்டு விட்டுப்போன ஓட்டையை மட்டும் அடைக்கலாம். ராத்திரி போட்டுட்டுத் தூங்கிரலாம். தட்டைத் துடைக்குறதுனா நல்ல மெத்துன்னு பருத்தித் துணி, நடு ஓட்டைல இருந்து விளிம்புக்கு நேரா, வட்டமா துடைக்காதீங்க. தின்னர், பெட்ரோல், பல்பொடி இதெல்லாம் போட்டுத் தேச்சுட்டு என்கிட்ட கொண்டு வராதீங்க தயவுசெஞ்சு.

கைல கேமரா வச்சிருந்தவங்க வீட்ல இன்னொரு சிக்கல் உண்டு. 2005-ஐ ஒட்டி நேரா டிவிடிலயே பதியுற ஹேண்டிகேம் வந்துச்சுல, சின்னத் தட்டு, 8 சென்டிமீட்டர், 1.4 ஜிபி. அந்தத் தட்டைக் கேமராலயே ஃபைனலைஸ், அதாவது பதிவை மூடி முடிக்குறது, பண்ணணும், பண்ணாம விட்டுருந்தா கம்ப்யூட்டர்ல போட்டா காலித் தட்டுன்னு காட்டும். துபாய்ல இருந்து மாமா கொண்டு வந்த கேமராங்குறதால வீட்ல யாருக்கும் அந்த விவரம் தெரிஞ்சிருக்காது, காலின்னு காட்டுதேன்னு குப்பைல போட்டவங்க எனக்குத் தெரிஞ்சே உண்டு. உள்ள எல்லாம் இருக்கும். கேமரா இன்னும் உசுரோட இருந்தா சார்ஜர் தேடிப் புடிச்சு அதோட மெனுல போய் ஃபைனலைஸ் குடுங்க, கேமரா இல்லைன்னா ஐசோபஸ்டர் மாதிரி சாஃப்ட்வேர் உள்ள புகுந்து எடுக்கும். டிவிடி ரெக்கார்டர்ல டிவியை ஓட விட்டுப் பதிஞ்ச தட்டுக்கும் இதே கதை தான்.

இப்ப மாத்துற விஷயத்துக்கு வர்றேன். ஹேண்ட்பிரேக்னு ஒரு சாஃப்ட்வேர், காசு இல்ல, விளம்பரம் இல்ல, வீட்டு டிவிடிக்கு பூட்டு எதுவும் கிடையாதுங்குறதால அதுவே போதும். ஐஎஸ்ஓவைக் குடுத்தா அதுல எத்தனை டைட்டில் இருக்குன்னு காட்டும், எது வேணுமோ எடுத்து எம்பி4-ஆ எழுதும், துண்டு விஓபி எல்லாம் ஒண்ணா சேந்து வந்துரும். வீடியோவைச் சுருக்குற முறைக்கு எச்.264 போதும். எச்.265 2013-ல வந்தது, இன்னும் சின்னதா வரும் தான், ஆனா அப்பத்தா வீட்டு டிவி பழசா இருந்தா அதைப் படிக்காது, யாருக்காக மாத்துறோமோ அவங்களே பாக்க முடியலைன்னா எதுக்கு. தரத்தை 18-லயோ 20-லயோ வைங்க, பெரும்பாலும் ஒரு தட்டு பாதிக்கும் கீழ சுருங்கிரும், அதுக்கும் கீழ சுருக்க ஆசைப்படாதீங்க.

ரெண்டு இடத்துல தான் எல்லாரும் மாட்டுறது. ஒண்ணு இன்டர்லேஸ். நம்ம ஊரு பால் (PAL) டிவி சிஸ்டத்துல செகண்டுக்கு 25 ஃபிரேம்னு சொல்றோம், ஆனா கேமரா உண்மையிலேயே பதியுறது செகண்டுக்கு 50 பாதிப் படம், ஒத்தைப்படைக் கோடு ஒரு நேரம், ரெட்டைப்படைக் கோடு அடுத்த நேரம். பழைய டப்பா டிவி அப்படியே தான் காட்டும், அதனால தெரியாது. கம்ப்யூட்டர்ல ரெண்டு பாதியையும் ஒட்டி வச்சா வேகமா அசையுற இடத்துல எல்லாம் சீப்புப் பல்லு மாதிரி கோடு கோடா வரும். இதை நான் நல்லாப் பாத்தது ஜல்லிக்கட்டு டிவிடில. அலங்காநல்லூர் பக்கத்துல இருந்து ஒரு அண்ணன் கொண்டு வந்தாரு, 2014-ல கோர்ட்டு தடை போடுறதுக்கு முன்னாடி எடுத்தது, அவங்க வீட்டு மாடு வாடிவாசல்ல இருந்து வெளிய வர்றது. வேற எங்கயோ மாத்தி வாங்கியிருந்தாரு, மாடு குதிக்குற இடத்துல கொம்பும் திமிலும் கோடு கோடா கிழிஞ்சு கெடந்துச்சு, அதைவிட மோசம் என்னன்னா பாதிப் படத்தைத் தூக்கி எறிஞ்சு மாத்தியிருந்தாங்க, அதனால மாடு ஓடலை, இங்க இருந்து அங்க தாவித் தாவிப் போச்சு. நல்லவேளை அவர்கிட்ட தட்டு இருந்துச்சு. ஹேண்ட்பிரேக்ல ஃபில்டர்ஸ்குள்ள டீஇன்டர்லேஸ்னு இருக்கும், அதுல பாப் (Bob)னு ஒரு சாய்ஸ், அதைப் போட்டு ஃபிரேம் ரேட்டை 50-ன்னு மாத்தி விடணும், சும்மா விட்டா பல செட்டிங்ல 30-க்கு மேல போகாம அடைச்சு வச்சிருக்கும். அப்படிப் போட்டுக் குடுத்தப்ப தான் மாடு மாடா ஓடுச்சு, அண்ணன் அதைக் கடைலயே நின்னு திரும்பத் திரும்பப் பாத்தாரு, ஜெராக்ஸுக்கு வந்தவங்களும் பாத்தாங்க, அன்னிக்கு வியாபாரம் நடக்கலை.

இன்னொண்ணு அளவு. டிவிடி படம் 720க்கு 576, ஆனா அந்தப் புள்ளிங்க சதுரம் கிடையாது, 4க்கு 3-ங்குற கணக்குல விரிச்சுக் காட்டணும்னு உள்ளயே எழுதி வச்சிருக்கும். புது டிவி அகலமா இருக்கேன்னு 16க்கு 9-க்கு இழுத்து மாத்திக் குடுக்குறாங்க, ஒல்லியா இருந்த மாப்பிள்ளை கூட கல்யாணத்தன்னிக்கே தொப்பை போட்ட ஆளா தெரியுறாரு. ரெண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வரட்டும், அதுல ஒண்ணும் குறைச்சல் இல்ல.

சத்தத்தையும் சொல்லிடுறேன். பல டிவிடில ஆடியோ ஏசி-3-ங்குற ஃபார்மட்ல இருக்கும், சில போன்ல படம் ஓடும் சத்தம் வராது, ஏஏசியா மாத்திட்டா எங்கயும் வரும். பென்டிரைவ் ஃபேட்32-ங்குற ஃபார்மட்ல இருந்தா 4 ஜிபிக்கு மேல ஒரு ஃபைலை ஏத்தவே விடாது, இடம் இருக்கு ஆனா ஏற மாட்டேங்குதேன்னு மண்டையைப் பிச்சுக்காதீங்க, எக்ஸ்ஃபேட்டா ஃபார்மட் பண்ணுங்க, டிவி அதைப் படிக்கலைன்னா வீடியோவை ரெண்டா வெட்டுங்க. வாட்ஸ்அப்ல வீடியோவா அனுப்பினா நசுக்கிரும், டாக்குமென்டா அனுப்புங்க, 2 ஜிபி வரைக்கும் போகும்.

அடுத்து இந்த 4கே. இப்ப அங்கங்க போர்டே வச்சிருக்காங்க, உங்க பழைய கல்யாண டிவிடியை 4கே தரத்துல மாத்தித் தரோம்னு, அதுக்குத் தனி ரேட்டு. கணக்குப் போட்டுப் பாருங்க, 720 பெருக்கல் 576, 4,14,720 புள்ளி. 4கேன்னா 3840 பெருக்கல் 2160, 82,94,400. சரியா 20 மடங்கு. அப்ப இருபது புள்ளில ஒண்ணு தான் கேமரா பாத்தது, மிச்சம் பத்தொன்பதும் கம்ப்யூட்டர் தானா ஊகிச்சுப் போட்டது. அதுலயும் மூணு மணி நேரத்தை 4.7 ஜிபிக்குள்ள அமுக்கினா சத்தமும் சேத்து செகண்டுக்கு மூணரை மெகாபிட் கூட நிக்காது, படமே அப்பவே கட்டம் கட்டமா தான் இருக்கும். அதை ஏஐல போட்டா கண்ணு மூக்கு எல்லாம் வழவழன்னு மெழுகுப் பொம்மைக்கு வந்துரும், தூரத்துல நிக்குற பெரியப்பா மூஞ்சியை அது இஷ்டத்துக்கு வரையுது, யாரோ ஒருத்தர் நம்ம பெரியப்பா சட்டையைப் போட்டு நிக்குறாரு. ஆசைக்கு ஒண்ணு பண்ணி வச்சுக்கோங்க, நான் வேணாம்னு சொல்லலை, ஆனா அதை வாங்கிட்டு "இனி இந்தத் தட்டு எதுக்கு"ன்னு கடைலயே விட்டுட்டு வராதீங்க. கடைக்குக் குடுக்குறப்ப ரெண்டே விஷயம் வாயைத் திறந்து கேளுங்க, எனக்கு ஐஎஸ்ஓவும் சேத்து வேணும், தட்டும் திரும்ப வேணும். முறைச்சா வேற கடை பாருங்க.

எங்க தொழில்ல ஒரு வழக்கம் இருந்துச்சு, அதையும் சொல்லணும். மிக்ஸிங்ல கல்யாண மண்டப சத்தத்தை மொத்தமா எடுத்துட்டு மேல சினிமாப் பாட்டைப் போட்டுருவாங்க, வீட்டுக்காரங்களே எந்தப் பாட்டு வேணும்னு லிஸ்ட் குடுப்பாங்க. இப்ப வந்து "எங்க அம்மாச்சி பேசுறது தெரியுது சத்தம் கேக்கலையே"ன்னு கேட்டா அந்த டிவிடில இல்லவே இல்ல, எந்த சாஃப்ட்வேரும் கொண்டு வராது. ஆனா ஒரு வழி இருக்கு. அப்ப கேமராமேன் எடுத்தது சின்ன மினிடிவி (MiniDV) கேசட்ல, அதுல மண்டபத்துச் சத்தம் அப்படியே இருக்கும், மேளம், புள்ளைக அழுகை, மொய் எழுதுற இடத்துல மைக்ல பேரு வாசிக்குறது எல்லாம். சில ஸ்டுடியோக்காரங்க கேசட்டை அட்டைப்பெட்டில போட்டு இன்னும் வச்சிருக்காங்க. உங்க கல்யாணத்தை எடுத்தவரு இருந்தா போய்க் கேட்டுப் பாருங்க, கெடச்சா அது டிவிடியை விடவே நல்ல தரம். அந்தப் பாட்டு போட்ட வீடியோவை யூடியூப்ல ஏத்தினா காப்பிரைட்னு வந்து சத்தத்தை அமுக்குறதும் நடக்குது, அதனால யூடியூபையே பீரோவா நினைக்காதீங்க. ரெண்டு ஹார்ட் டிஸ்க்ல வைங்க, ஒண்ணு உங்க வீட்ல, இன்னொண்ணு தங்கச்சி வீட்ல.

கடைசியா ஒரு கோரிக்கை, உங்க பேப்பர் வழியா போனா காது குடுப்பாங்கன்னு நம்புறேன். இதெல்லாம் ஒரு டிரைவும் ஒரு கம்ப்யூட்டரும் பொறுமையும் இருந்தா செய்யுற வேலை, ஆனா இப்ப யார் வீட்ல டிவிடி டிரைவ் இருக்கு? உசிலம்பட்டிப் பக்கம் ஒரு கிராமத்துல இருந்து ரெண்டு பஸ் மாறி மூணு தட்டு தூக்கிட்டு வர்ற அக்காவுக்கு டிரைவ் வாங்குன்னு சொன்னா அது நடக்குற காரியமா. மதுரைல நத்தம் ரோட்டுல 2023 ஜூலைல திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகம் இருக்கு, நானும் போய்ப் பாத்தேன், புள்ளைக படிக்க ஏசி ஹால், கம்ப்யூட்டர்னு பிரமாதமா இருக்கு. அங்க ஒரு ஓரத்துல ரெண்டு மேஜை போட்டு, நல்ல பழைய டெஸ்க்டாப் டிரைவ் நாலு மாட்டி, ஹார்ட் டிஸ்க் கொண்டு வர்றவங்க அவங்க வீட்டுத் தட்டை அவங்களே காப்பி எடுத்துக்கிட்டுப் போற மாதிரி செஞ்சா என்ன செலவு ஆகப் போகுது? பக்கத்துல நின்னு சொல்லிக் குடுக்க பாலிடெக்னிக் புள்ளைகளைச் சனி ஞாயிறு விடலாம். கடைல குடுக்க பல வீட்டுப் பொம்பளைகளுக்கு மனசு வர்றதில்ல, சடங்கு வீடியோ, புள்ளை குளிப்பாட்டுறது எல்லாம் அதுல இருக்கும், முன்னப்பின்ன தெரியாதவன் கம்ப்யூட்டர்ல அது கெடக்கணுமான்னு பயம், அந்தப் பயம் சரிதான். நூலகத்துல அவங்களே உக்காந்து எடுத்துக்கிட்டா அந்தப் பிரச்சனையே இல்ல. சினிமாத் தட்டைக் காப்பி அடிக்க வருவாங்களேன்னு யாராவது சொன்னா, வீட்டுத் தட்டுக்கு மட்டும்னு போர்டு வைங்க, பெரும்பாலான சினிமாத் தட்டுல பூட்டு இருக்கு, தேவையான சாஃப்ட்வேர் அந்தக் கம்ப்யூட்டர்ல இல்லைன்னா அது எப்படியும் எடுக்காது.

வர்ற கோடைக்கு முன்னாடி ஆரம்பிச்சாங்கன்னா நல்லது, நான் கூட ஞாயித்துக்கிழமை வந்து நிக்கத் தயார்.

இப்படிக்கு,
பழைய மிக்ஸிங்காரன்,
திருமங்கலம்.

பி.கு: அந்த 8 சென்டிமீட்டர் சின்னத் தட்டை கார் ஸ்டீரியோ மாதிரி வாய் வழியா உள்ள இழுக்குற டிரைவ்ல போட்டுறாதீங்க, மாட்டிக்கிட்டா கழட்டித்தான் எடுக்கணும். வெளிய டிரே நீட்டுற டிரைவ்ல நடுவுல ஒரு சின்னப் பள்ளம் இருக்கும், அது இந்தத் தட்டுக்காகவே வச்சது.